குறை நீக்காததால் தள்ளுபடியான மேல்முறையீடு: மீட்க வழி உண்டா?

கேள்வி

சிவகங்கை மாவட்டத்திலிருந்து ஒரு வாசகி எழுதுகிறார்: "எங்கள் வீட்டை ஒட்டிய ஆறு சென்ட் இடத்துக்காகப் பக்கத்து நிலத்துக்காரரும் அவர் தம்பியும் போட்ட வழக்கு மாவட்ட முன்சீப் நீதிமன்றத்தில் தள்ளுபடியானது. அவர்கள் செய்த மேல்முறையீட்டில், 2022 டிசம்பரில் சார்பு நீதிமன்றம் இடத்தை அவர்களிடம் ஒப்படைக்கச் சொல்லிவிட்டது. 2023 மார்ச்சில், கெடுவுக்குள்ளேயே, உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் இரண்டாம் மேல்முறையீடு தாக்கல் செய்தோம். ஏப்ரலில் நான்கு குறைகளைக் காட்டி, மூன்று வாரத்தில் சரிசெய்யும்படி வழக்குக் கட்டைத் திருப்பியிருக்கிறார்கள். எங்கள் வழக்கறிஞர் நவம்பரில்தான் மறுதாக்கல் செய்தார். அப்போதும் இரண்டு குறைகள்தான் நீங்கியிருந்தன. 2024 ஏப்ரலில் நீதிமன்றம் அந்தத் தாமதத்தை மன்னித்து, மீதிக் குறைகளை இரண்டு வாரத்தில் நீக்கும்படியும், தவறினால் மேல் உத்தரவு ஏதுமின்றித் தள்ளுபடியாகும் என்றும் சொன்னது. அதுவும் நடக்கவில்லை. இதெல்லாம் எனக்குத் தெரிந்தது 2025 பிப்ரவரியில், தீர்ப்பை அமல்படுத்தக் கோரி அவர்கள் போட்ட நிறைவேற்று மனுவின் அறிவிப்பு வீட்டுக்கு வந்தபோதுதான். இடையில், 2023 ஜூலையில், அந்தத் தம்பி இறந்துபோனார். நாங்கள் துக்கத்துக்குப் போய் வந்தோம், அந்த வாரமே வழக்கறிஞரிடமும் சொன்னேன். நீதிபதி என் வழக்கைக் கேட்கவே இல்லை, அது எப்படித் தீர்ப்பாகும்? புதிதாக மேல்முறையீடு போடலாமா? பாக்கிக் கட்டணம் தந்தால்தான் கட்டைத் தருவேன் என்கிறார் வழக்கறிஞர். அவர் மீது வழக்குப் போட முடியுமா?"

பதில்

மதிப்பிற்குரிய சகோதரிக்கு,

உங்கள் மேல்முறையீட்டை மீட்க முடியும் என்றே கருதுகிறேன். ஆனால் அதற்கான வழி நீங்கள் நினைக்கும் புதிய மேல்முறையீடு அல்ல. உங்களுக்கு இருக்கும் உண்மையான ஆபத்தும் 2024-ல் வந்த தள்ளுபடி உத்தரவு அல்ல, இப்போது ஓடிக்கொண்டிருக்கும் நாட்களும், இறந்தவரின் வாரிசுகளை இன்னும் சேர்க்காமல் விட்டதும்தான்.

முதலில் உங்கள் காகிதங்களுக்கு என்ன நேர்ந்தது என்று பார்ப்போம். உயர் நீதிமன்றத்தில் ஒரு மேல்முறையீட்டைத் தாக்கல் செய்த உடனே அதற்கு வழக்கு எண் கிடைத்துவிடுவதில்லை. முதலில் எஸ்.ஆர். எண் எனும் தற்காலிக எண் ஒன்று தரப்படும். பதிவுத்துறையினர் கட்டைச் சரிபார்த்து, குறை இருந்தால் குறிப்பெழுதித் திருப்புவார்கள். குறைகளை நீக்கி, குறித்த கெடுவுக்குள் மறுதாக்கல் செய்த பிறகே அது எண்ணிடப்பட்டு, அனுமதிக்கலாமா என்ற விசாரணைக்கு நீதிபதி முன் வரும். உங்கள் கட்டு அந்த நிலையைக் கடக்கவே இல்லை. "வழக்கு ஹைகோர்ட்டில் இருக்கிறது" என்று இரண்டு ஆண்டுகள் நீங்கள் நம்பியிருந்தீர்கள், அந்த நம்பிக்கையில் தவறு காண நான் விரும்பவில்லை. ஆனால் எஸ்.ஆர். நிலையில் நிற்கும் கட்டு எந்தப் பாதுகாப்பையும் தருவதில்லை என்பது வழக்காடும் பலருக்குக் கடைசி நேரத்தில்தான் தெரியவருகிறது.

நீதிபதி கேட்காத வழக்கில் தீர்ப்பு ஏது என்று கேட்கிறீர்கள். உங்கள் தரப்பின் நியாயம் ஆராயப்படவில்லை என்பது உண்மை. ஆயினும் மேல்முறையீடு விழுந்துவிட்டால், கீழே இருக்கும் தீர்ப்பாணை அப்படியே நிலைத்துவிடுகிறது. மேல்முறையீடு ஒன்று கெடு கடந்ததாலோ, அச்சிட்டுத் தர வேண்டிய தாள்களைத் தராததாலோ தள்ளுபடியானாலும், அதன் விளைவாகக் கீழ் நீதிமன்றத் தீர்ப்பு உறுதியாகி, அதே பிரச்சினையை மறுபடி எழுப்புவதற்கு முன்தீர்ப்புத் தடையாக நிற்கும் என்று உச்ச நீதிமன்றம் 1966-ல் கூறியிருக்கிறது. வழக்கைத் தொடங்கும் மனுவான வழக்குரை நிராகரிக்கப்பட்டால் நிலைமை வேறு. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 7ஆவது கட்டளை 13ஆவது விதி, கெடு மீதமிருந்தால் அதே காரணத்துக்காகப் புதிய வழக்குரையைத் தாக்கல் செய்ய இடம் தருகிறது. கிராமத்தில் யாரோ சொன்னதாக "ரிஜக்ட் ஆனால் திரும்பப் போடலாம்" என்று நீங்கள் எழுதியிருப்பது இந்த விதியைத்தான். அது வழக்குரைக்கு உரியது, உங்கள் மேல்முறையீட்டுக்கு உதவாது.

புதிய மேல்முறையீட்டை நான் ஏன் தடுக்கிறேன் என்றால், அதைப் போடும் அன்றே நீங்கள் 2023 மார்ச்சில் கெடுவுக்குள் தாக்கல் செய்தீர்கள் என்ற உங்கள் மிகப் பெரிய பலத்தைக் கைவிட்டவராகிவிடுவீர்கள். இரண்டாம் மேல்முறையீட்டுக்குச் சட்டம் தரும் கெடு 90 நாட்கள், அதில் நகல் பெற ஆன நாட்கள் கழியும். புதிதாகப் போட்டால், 2022 டிசம்பர் தீர்ப்பிலிருந்து இன்றுவரையுள்ள அத்தனை நாட்களுக்கும் காலவரையறைச் சட்டம் 5ஆவது பிரிவின் கீழ்ப் போதிய காரணம் காட்ட வேண்டியிருக்கும், அதுவும் ஏற்கெனவே ஒரு மேல்முறையீடு தள்ளுபடியான நிலையில். பழைய கட்டையே மீட்டால், தாக்கல் செய்த நாள் அப்படியே நிற்கும். மறுதாக்கலில் ஏற்பட்ட தாமதத்தையும் உத்தரவை நிறைவேற்றாத தாமதத்தையும் மட்டுமே நீங்கள் விளக்க வேண்டும். இந்த இரு வகைத் தாமதங்களும் ஒன்றல்ல. இந்தியப் புள்ளியியல் நிறுவனம் தரப்பாக இருந்த வழக்கில், குறித்த காலத்துக்குள் தாக்கலான மனு குறை நீக்குவதற்காகத் திருப்பப்பட்டு மறுதாக்கலில் தாமதமானால், 5ஆவது பிரிவில் வழக்கமாகக் கையாளும் கடுமையான அளவுகோலை அதற்குப் பயன்படுத்த வேண்டியதில்லை என்று உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது. 1978ஆம் ஆண்டின் தீர்ப்புத் தொகுப்பில் வெளியான அந்தத் தீர்ப்பை உங்கள் புதிய வழக்கறிஞர் கட்டாயம் எடுத்துக் காட்டட்டும். ஆனால் கடுமை குறைவு என்பதற்கு விளக்கமே வேண்டாம் என்று பொருளில்லை. உங்களுக்கு ஒருமுறை மன்னிப்பும் கெடுவும் தரப்பட்டு, அதுவும் கைநழுவியிருப்பதால், இரண்டாம் முறை கேட்கும்போது நீதிமன்றம் கூர்ந்து பார்க்கும்.

"இரண்டு வாரத்தில் செய், தவறினால் தள்ளுபடி" என்பது போன்ற உத்தரவு, கெடு முடிந்ததும் தானாகவே செயல்பட்டுவிடும். அதற்குப் பிறகு நீதிமன்றத்தின் கை கட்டப்பட்டுவிட்டதா என்ற கேள்வி பாட்னா உயர் நீதிமன்றத்திலிருந்து சென்ற ஒரு வழக்கில் 1961-ல் உச்ச நீதிமன்றத்தின் முன் எழுந்தது. அங்கும் குறைவாகச் செலுத்திய நீதிமன்றக் கட்டணத்துக்குத்தான் கெடு வைக்கப்பட்டிருந்தது. நீதியரசர் ஹிதாயத்துல்லா எழுதிய அந்தத் தீர்ப்பு, இத்தகைய நடைமுறை உத்தரவுகள் சாரத்தில் தாமதம் செய்வோரை எச்சரித்து ஒழுங்குபடுத்துவதற்கே உள்ளன என்றும், உரிய காரணம் இருந்தால் அதைக் கவனிக்க முடியாதபடி நீதிமன்றத்தை அவை முற்றிலும் தடுத்துவிடுவதில்லை என்றும் கூறியது. ஒரு வேறுபாட்டை மறைக்காமல் சொல்ல வேண்டும்: அந்த வழக்கில் கெடு முடிவதற்கு முன்பே நீட்டிப்பு கேட்டிருந்தார்கள், உங்கள் தரப்பில் கேட்கவில்லை. ஆனால் நடைமுறைச் சட்டத்தின் 148ஆவது பிரிவே, முதலில் தந்த கெடு முடிந்துவிட்டிருந்தாலும் அதை நீட்டிக்கலாம் என்று வெளிப்படையாகச் சொல்கிறது. 2002-ல் நடைமுறைக்கு வந்த திருத்தம் அந்த நீட்டிப்பு மொத்தம் 30 நாட்களைத் தாண்டக் கூடாது என்றது. சேலம் வழக்கறிஞர் சங்கம் தொடர்ந்த வழக்கில் 2005-ல் உச்ச நீதிமன்றம், தரப்பினரின் கைமீறிய காரணங்கள் இருக்குமிடத்தில் அந்த வரம்பு 151ஆவது பிரிவின் உள்ளார்ந்த அதிகாரத்தைக் கட்டிப்போடாது என்று விளக்கியது. ஆகவே உங்கள் மனு 148, 151 ஆகிய இரு பிரிவுகளின் கீழும் இருக்கட்டும். தள்ளுபடியான மேல்முறையீட்டை மீட்கக் கோரும் மனுவுக்குக் காலவரையறைச் சட்டத்தின் 122ஆவது இனம் (ஆர்ட்டிகிள்) தள்ளுபடி நாளிலிருந்து 30 நாட்கள் என்கிறது. உங்கள் தள்ளுபடி அந்த இனத்துக்குள் வருமா என்று வாதிட இடமுண்டு. ஆயினும் வரும் என்றே வைத்துக்கொண்டு, அந்த 30 நாட்களுக்குப் பிறகான ஒவ்வொரு நாளுக்கும் தாமத மன்னிப்பு மனு ஒன்றைச் சேர்த்தே போடுவதுதான் பாதுகாப்பு.

இனி குறைகளுக்கு வருவோம். ஏப்ரலில் காட்டிய நான்கோடு, மறுதாக்கலுக்குப் பின் சேர்ந்த ஒன்றுமாக, உங்கள் கடிதத்தோடு அனுப்பிய குறிப்பில் உள்ள ஐந்தில், படிக்க முடியாத நகலுக்குப் பதில் தட்டச்சு நகல் வைப்பது, தமிழ் ஆவணங்களுக்கு ஆங்கில மொழிபெயர்ப்பு தருவது என்ற இரண்டும் நவம்பரில் நீங்கிவிட்டன. மீதமுள்ளவை நீதிமன்றக் கட்டணப் பற்றாக்குறை, சட்டப் பிரச்சினைகளை உரியபடி வகுக்காதது, பின்னர் சேர்ந்த குறையாக, இரண்டாம் எதிர்த் தரப்பினரான இறந்துபோன தம்பியின் வாரிசுகளைச் சேர்க்காதது. கட்டணப் பற்றாக்குறை எளிது. நீதிமன்றம் அனுமதித்துச் செலுத்திவிட்டால், முதல் நாளே முழுக் கட்டணமும் செலுத்தியதாகக் கொள்ள 149ஆவது பிரிவு வழிசெய்கிறது. இரண்டாவது குறையை வெறும் எழுத்து வேலையாக எண்ண வேண்டாம். இரண்டாம் மேல்முறையீட்டின் உயிரே முக்கியச் சட்டப் பிரச்சினைதான். மனுவில் அதைத் துல்லியமாகச் சொல்ல வேண்டும் என்று 100ஆவது பிரிவு கட்டளையிடுகிறது. சாட்சிகளை சார்பு நீதிமன்றம் நம்பியது தவறு என்ற வகையில் எழுதினால், குறை நீங்கி எண் கிடைத்தாலும் அனுமதிக் கட்டத்தில் மேல்முறையீடு விழும்.

மூன்றாவதைக் குறை என்று பதிவுத்துறை எழுதியிருந்தாலும், அது நடைமுறைக் குறையைவிட மிகப் பெரியது. வழக்குத் தரப்பினர் ஒருவர் இறந்தால், அவருடைய சட்டப்படியான வாரிசுகளைச் சேர்க்க 90 நாட்கள் உண்டு. அது கடந்தால் அவரைப் பொறுத்தவரை மேல்முறையீடு அற்றுப்போகிறது. அப்படி அற்றுப்போனதை நீக்கக் கோர மேலும் 60 நாட்கள் உண்டு. 2023 ஜூலையில் இறந்தவருக்கு இந்த இரண்டு கெடுக்களும் அந்த ஆண்டு டிசம்பருக்குள்ளேயே முடிந்துவிட்டன, அதாவது தவறினால் தள்ளுபடி என்ற 2024 ஏப்ரல் உத்தரவு வருவதற்கு முன்பே. உங்கள் வழக்கில் அண்ணனும் தம்பியும் சேர்ந்து, ஒரே இடத்துக்காக, ஒரே தீர்ப்பாணை பெற்றிருக்கிறார்கள். ஒருவருக்கு எதிராக மேல்முறையீடு அற்றுப்போய், மற்றவருக்கு எதிராக மட்டும் அது வென்றால், ஒரே இடத்தைப் பற்றி முரண்பட்ட இரண்டு தீர்ப்பாணைகள் நிற்கும். அத்தகைய நிலையில் மேல்முறையீடு முழுவதுமே அற்றுப்போனதாகக் கொள்ளப்படும் அபாயம் உண்டு. ஆகவே வாரிசுகளைச் சேர்க்க ஒன்று, அற்றுப்போனதை நீக்க ஒன்று, அதற்கான தாமதத்தை மன்னிக்க ஒன்று என மூன்று மனுக்களை மீட்பு மனுவோடு ஒரே நாளில் தாக்கல் செய்தாக வேண்டும். இறப்புச் சான்றும் வாரிசுகளின் பெயர், வயது, முகவரியும் இப்போதே கையில் இருக்கட்டும்.

இங்கே ஒன்றை வேண்டிக் கேட்டுக்கொள்கிறேன். இறப்பு தெரியாது என்று பிரமாணப் பத்திரத்தில் யார் எழுதித் தந்தாலும் கையொப்பமிடாதீர்கள். இறப்பை அறியாதிருந்த தரப்பினருக்கு 22ஆவது கட்டளை தனிச் சலுகை காட்டுகிறது என்பதால் அப்படி எழுதத் தூண்டுதல் இருக்கும். நீங்களோ துக்கத்துக்குச் சென்று வந்தவர். ஊரே அதற்குச் சாட்சி, எதிர்த் தரப்பினர் ஒரு வரியில் அதைச் சொல்லிவிடுவார்கள். அந்த ஒரு பொய்யால் மற்ற எல்லா உண்மைகளும் மதிப்பிழந்துவிடும். உண்மை உங்களுக்கே அதிகம் உதவும்: இறந்த வாரமே வழக்கறிஞரிடம் சொன்னீர்கள், செய்ய வேண்டியதை அவர் செய்வார் என்று நம்பினீர்கள். அன்று பேசியதற்கோ சென்று வந்ததற்கோ குறுஞ்செய்தி, அழைப்புப் பதிவு, பேருந்துச் சீட்டு என எது மிஞ்சியிருந்தாலும் எடுத்து வையுங்கள்.

பிரமாணப் பத்திரத்தைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் இந்த வகை மனுக்களில் பாதி தோற்பது அங்கேதான். "மஞ்சள் காமாலையால் படுத்திருந்தேன்", "வழக்குக் கட்டு வேறு கட்டுகளோடு கலந்துவிட்டது, அண்மையில்தான் கிடைத்தது" என்ற இரண்டு வாக்கியங்களை நம் நீதிமன்றங்கள் பல பத்தாண்டுகளாகப் படித்துவருகின்றன. நான் இளம் வழக்கறிஞராக இருந்தபோது, என் மூத்தவர் அலுவலகத்தில் உண்மையாகவே ஒரு கட்டு வேறொன்றோடு சேர்ந்து பதினோரு மாதம் அலமாரியில் கிடந்தது. அதை நாங்கள் மனுவில் எழுதியபோது, தேதிகளும் எழுத்தரின் தனிப் பிரமாணப் பத்திரமும் இணைத்திருந்தும், நீதிபதியை நம்பவைக்கப் பெரும்பாடு பட்டோம். தேய்ந்த சொற்களில் உண்மையைச் சொன்னாலும் அது பொய்யின் ஒலியைப் பெற்றுவிடுகிறது. ஆகவே உங்கள் பத்திரம் நாள்வாரியாக இருக்கட்டும்: எந்தத் தேதியில் தாக்கல், எந்தத் தேதியில் கட்டு திரும்பியது, எப்போதெல்லாம் வழக்கறிஞரைச் சந்தித்தீர்கள், என்ன சொன்னார், எந்தத் தேதியில் நிறைவேற்று மனு அறிவிப்பு கைக்கு வந்தது, அதன் பின் ஒவ்வொரு வாரமும் என்ன செய்தீர்கள். கடைசிப் பகுதியே முக்கியம். விவரம் தெரியாத காலத்தை மன்னிக்கும் நீதிபதி, தெரிந்த பின் வீணாக்கிய ஒரு மாதத்தை மன்னிக்கத் தயங்குவார்.

வழக்கறிஞரின் தவறுக்குத் தரப்பினர் தண்டிக்கப்படக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1981-ல் கூறியது உங்களுக்குத் துணை. ஆனால் விசாரிக்காமலே இருந்துவிட்டு எல்லாப் பழியையும் வழக்கறிஞர் மீது போடுவதைப் பிற்காலத் தீர்ப்புகள் ஏற்பதில்லை. அதேபோல், கையொப்பம், வக்காலத்து போன்ற நடைமுறைக் குறைகளுக்காக, அவற்றைத் திருத்த வாய்ப்புத் தராமல், உரிமையை இழக்கச் செய்யக் கூடாது என்று 2005-ல் உச்ச நீதிமன்றம் சொன்னதையும் அளவறிந்தே பயன்படுத்த வேண்டும். உங்களுக்கு வாய்ப்பு தரப்பட்டது என்று எதிர்த் தரப்பு உடனே பதில் சொல்லும். அந்தப் பதிலுக்கு மிகச் சிறந்த மறுமொழி, மீட்பு மனுவைத் தாக்கல் செய்யும் நாளிலேயே எல்லாக் குறைகளையும் நீக்கிய கட்டையும் உடன் வைப்பதுதான். "இன்னும் இரண்டு வாரம் கொடுங்கள்" என்று மறுபடி கேட்காதீர்கள். எதிர்த் தரப்பினருக்குச் செலவுத் தொகை செலுத்தும்படி உத்தரவானால், கெடுவின் கடைசி நாள்வரை காத்திராமல் செலுத்தி, ரசீதை உடனே நீதிமன்றத்தில் தாக்கல் செய்யுங்கள். அந்த உத்தரவும் பெரும்பாலும் தவறினால் தள்ளுபடி என்ற வகையிலேயே இருக்கும்.

நிறைவேற்று மனுவை இதற்கிடையில் கவனிக்காமல் விடாதீர்கள். மேல்முறையீடு போட்டதால் மட்டும் தீர்ப்பாணையின் நிறைவேற்றம் நின்றுவிடாது, தனியாக இடைக்காலத் தடை பெற வேண்டும் என்று 41ஆவது கட்டளை 5ஆவது விதி சொல்கிறது. உங்கள் மேல்முறையீடோ இப்போது நிலுவையிலேயே இல்லை. ஆகவே நிறைவேற்று நீதிமன்றத்தில் வாய்தா நாளன்று வழக்கறிஞர் மூலம் முன்னிலையாகி, உயர் நீதிமன்றத்தில் மீட்பு மனு தாக்கலாகியிருப்பதை எண்ணோடு தெரிவித்துக் குறுகிய அவகாசம் கேளுங்கள். முன்னிலையாகாமல் விட்டால், நீதிமன்ற ஊழியரான அமீன் வந்து இடத்தை அவர்களிடம் ஒப்படைக்கும் உத்தரவு ஒருதலைப்பட்சமாகவே பிறந்துவிடும். கெடு கடந்து தாக்கலான மேல்முறையீட்டில், தாமதம் மன்னிக்கப்படும் முன் தடை உத்தரவு தரக் கூடாது என்றொரு விதி இருக்கிறது. அதைக் காட்டி எதிர்த் தரப்பு மறுத்தால், உங்கள் மேல்முறையீடு கெடுவுக்குள் தாக்கலானது என்பதே அதற்குப் பதில். பழைய கட்டை மீட்க வேண்டும் என்று நான் வற்புறுத்துவதற்கு இதுவும் ஒரு காரணம். ஒருவேளை சுவாதீனம் போய்விட்டாலும், பின்னர் தீர்ப்பாணை மாற்றப்பட்டால் 144ஆவது பிரிவின் கீழ் இடத்தைத் திரும்பப் பெறலாம். ஆனால் அந்த ஆறு சென்ட்டில் உங்கள் குளியலறையும் கிணறும் இருப்பதாக எழுதியிருக்கிறீர்கள், அவை இடிபட்ட பின் கிடைக்கும் வெற்றி எத்தகையது என்பதை எண்ணித்தான் அவசரப்படுத்துகிறேன்.

வழக்குக் கட்டைப் பற்றி: கட்டணப் பாக்கிக்காகத் தரப்பினரின் வழக்குக் கட்டைப் பிடித்து வைக்கும் உரிமை வழக்கறிஞருக்கு இல்லை என்று உச்ச நீதிமன்றம் 2000-ல் தீர்ப்பளித்திருக்கிறது. பாக்கி இருந்தால் அவர் தனியே வசூலிக்கலாம். இதைக் குறிப்பிட்டு, கட்டையும், வேறு வழக்கறிஞரை அமர்த்த ஆட்சேபமின்மைக் கையொப்பமும் கேட்டு ஒப்புகையுடன் பதிவுத் தபால் அனுப்புங்கள். அதே நாளில் சார்பு நீதிமன்றத்திலும் முன்சீப் நீதிமன்றத்திலும் சான்றிட்ட நகல்களுக்கு மனுச் செய்துவிடுங்கள், கட்டு வந்தாலும் வராவிட்டாலும் வேலை நிற்கக் கூடாது. உயர் நீதிமன்றத்தில் 2024 ஏப்ரல் உத்தரவின் நகலையும் வாங்குங்கள். புதிய வழக்கறிஞருக்குச் செலவிட இயலவில்லை என்றால், 1987ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் அதிகார அமைப்புச் சட்டம் வருமானம் எதுவாயினும் பெண்களுக்கு இலவசச் சட்ட உதவி தருகிறது. மதுரைக் கிளையிலேயே உள்ள சட்டப் பணிகள் குழுவில் விண்ணப்பிக்கலாம்.

பழைய வழக்கறிஞர் மீது நடவடிக்கை எடுப்பதைப் பொறுத்தவரை, 2024 மே மாதம் உச்ச நீதிமன்றம் வழக்கறிஞர் தொழில் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்துக்குள் வராது என்று தீர்ப்பளித்துவிட்டதால், நுகர்வோர் ஆணையத்துக்குப் போவதில் பயனில்லை. தொழில்முறைத் தவறு நடந்திருந்தால், வழக்கறிஞர்கள் சட்டத்தின் 35ஆவது பிரிவின் கீழ்த் தமிழ்நாடு மற்றும் புதுச்சேரி வழக்கறிஞர்கள் பேரவையில் (பார் கவுன்சில்) புகார் செய்யலாம். ஆனால் மீட்பு மனு முடியும்வரை அதைத் தள்ளிவையுங்கள் என்பதே என் ஆலோசனை. நீங்கள் அந்த வாரமே இறப்பைத் தெரிவித்ததையும், குறைகள் நீக்கப்படாமல் போனது தம் பக்கத்துத் தவறு என்பதையும் அவரே ஒரு பிரமாணப் பத்திரமாக எழுதித் தர முன்வந்தால், உங்கள் மனுவுக்கு அதைவிட வலுவான ஆவணம் வேறு இல்லை. கோபத்தை ஒதுக்கிவைத்து, பெரியவர் ஒருவரை உடன் அழைத்துக்கொண்டு, அதை நேரில் ஒருமுறை கேட்டுப் பாருங்கள். நிறைவேற்று மனுவின் அடுத்த வாய்தாவுக்கு இன்னும் 19 நாட்கள் இருப்பதாக எழுதியிருக்கிறீர்கள், அதற்குள் மதுரையில் மனு தாக்கலாகி எஸ்.ஆர். எண் உங்கள் கைக்கு வந்துவிட வேண்டும்.